கூத்து மேளத்தின் ஒலி: பகுத்தலும் கட்டுதலும்

கோடை மாதங்களில் விழுப்புரம், திண்டிவனம், செஞ்சி வட்டாரத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் நடக்கும். பகலில் பிரசங்கியார் சொன்ன கதை இரவில் களரி என்ற ஆடுகளத்தில் கூத்தாக ஏறும். இந்த வழிபாட்டுக்குச் செஞ்சிக்கு அருகிலுள்ள மேலச்சேரி எவ்வளவு முக்கியமான ஊர் என்பதை அமெரிக்க ஆய்வாளர் ஆல்ஃப் ஹில்டபைட்டல் 1988-ல் வெளியிட்ட நூலில் விரிவாக எழுதியிருக்கிறார். கூத்தின் கதை, சடங்கு, வேடம் ஆகியவை பற்றி நல்ல நூல்கள் உண்டு. அதன் ஒலிக்கும் அதே கவனம் கிடைக்க வேண்டும் என்பதே இந்த அத்தியாயத்தின் எண்ணம். வேடம் கட்டியவர்கள் வெளியே வருவதற்கு முன்பு களரி கட்டும் நேரத்தைக் கேளுங்கள். மிருதங்கத்திலும் டோலக்கிலும் தோல் அதிர்கிறது. முகவீணை என்ற குழலில் சீவாளியும் காற்றுத் தம்பமும் சேர்ந்து அதிர்கின்றன. ஆர்மோனியத்தில் பித்தளை நாக்குகள், தாளத்தில் வெண்கலம். அதிர்வின் இயற்பியலில் ஒரு பாடப்புத்தகம் நான்கு அத்தியாயங்களில் சொல்வது இங்கே ஒரே களரியில் ஒரே நேரத்தில் ஒலிக்கிறது. இந்த ஒலியைக் கணினியில் பதிந்து அதன் நிறமாலையைப் பார்ப்பது இன்று ஒரு பள்ளி மாணவருக்கும் கைகூடும் வேலை. பார்ப்பதோடு நின்றால் பாதி வேலைதான் நடக்கிறது என்பது என் வாதம். நிறமாலை காட்டும் எண்களைக் கொண்டு அதே ஒலியைக் கணினியில் திரும்பக் கட்டி, காதால் கேட்டுப் பார்த்தால்தான் அந்த எண்களில் எது உயிர், எது உடுப்பு என்று தெரியவரும்.

பகுப்பு எப்படி நடக்கிறது என்பதை முதலில் பார்ப்போம். ஒலி என்பது காற்றழுத்தத்தின் ஏற்ற இறக்கம். மைக் அதை மின்னழுத்தமாக்க, கணினி நொடிக்கு 44,100 முறை அதை அளந்து எண்களாக அடுக்கிக்கொள்கிறது. அந்த எண்களை அப்படியே வரைந்தால் கோணல்மாணலான ஒரு கோடு கிடைக்கும். கண்ணுக்கு அதில் பெரிதாக ஒன்றும் புலப்படாது. திரும்பத் திரும்ப வரும் எந்த வடிவத்தையும் எளிய சைன் அலைகளின் கூட்டாக எழுதலாம் என்று ஜோசப் ஃபூரியே, வெப்பம் பரவுவதைப் பற்றி 1822-ல் எழுதிய நூலில் காட்டினார். எந்த அதிர்வெண்ணில் எவ்வளவு வீச்சு இருக்கிறது என்ற பட்டியல்தான் நிறமாலை. நேர்வழியில் கணக்குப் போட்டால் 1,024 எண்களுக்குப் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பெருக்கல்கள் தேவைப்படும். 1965-ல் ஜேம்ஸ் கூலியும் ஜான் டியூக்கியும் வெளியிட்ட விரைவு வழிமுறை அதைப் பத்தாயிரம் அளவுக்குக் குறைத்துவிட்டது. கைப்பேசி கண்ணெதிரே நிறமாலையை ஓடவிட்டுக் காட்டுவது இதனால்தான்.

இந்தப் படம் தரும் நம்பிக்கையில் ஒரு சிக்கல் இருக்கிறது. கணினி ஒலியைத் துண்டு துண்டாக எடுத்துத்தான் பகுக்கிறது. ஒரு துண்டில் 4,096 எண்கள் என்று வைத்தால் அதன் நீளம் ஏறக்குறைய 93 மில்லி நொடி; அதிர்வெண்களை 11 ஹெர்ட்ஸ் இடைவெளியில் பிரித்தறியலாம். ஆனால் விரல் தோலில் பட்ட கணம் அந்த 93 மில்லி நொடிக்குள் எங்கே விழுந்தது என்பது கரைந்துபோகும். விரைவான நடையில் ஒரு மிருதங்கச் சொல்லின், அதாவது ஓர் அடியின், முடிவும் அடுத்ததன் தொடக்கமும் ஒரே துண்டுக்குள் கலந்தும்விடலாம். துண்டை 512 எண்களாகச் சுருக்கினால் நீளம் 12 மில்லி நொடி. அடி விழுந்த கணம் துலங்கும், ஆனால் அதிர்வெண்கள் 86 ஹெர்ட்ஸ் அகலத்துக்குப் பூசியதுபோல் தெரியும். இது மென்பொருளின் குறை இல்லை, அலை என்ற ஒன்றின் இயல்பே அப்படி. எனவே திரையில் தெரியும் படம் பாதி மிருதங்கத்தின் படம், பாதி நாம் தேர்ந்த அமைப்பின் படம். எந்தப் பாதி எது என்று அந்தப் படத்திடமே கேட்டுத் தெரிந்துகொள்ள முடியாது.

மிருதங்கத்தையே எடுத்துக்கொள்வோம். தமிழர் ஒருவர் உலக இயற்பியலுக்குத் தந்த மிக அழகான விடைகளில் ஒன்று இந்தக் கருவியைப் பற்றியது. வட்டமான ஒரு தோலை இழுத்துக் கட்டித் தட்டினால் எழும் அதிர்வெண்கள் முழு எண் விகிதத்தில் அமையா. அடிப்படையை 1 என்று கொண்டால் அடுத்தவை 1.59, 2.14, 2.30, 2.65 என்று போகும் என்பது ஆங்கில இயற்பியலாளர் ரேலி பிரபுவின் 1877-ஆம் ஆண்டு நூல் வெளிவந்த காலத்திலேயே தெரிந்த கணக்கு. இழுத்துக் கட்டிய தந்தியில் மேற்சுரங்கள் 2, 3, 4, 5 என்று சீரிசைகளாக வரும். அதனால் தந்திக்குத் தெளிவான சுருதி உண்டு, வெறுந்தோலுக்கு இல்லை. அப்படியானால் மிருதங்கத்தை எப்படிச் சுருதி சேர்க்கிறார்கள்? கொல்கத்தாவில் பணியாற்றிவந்த சி.வி. ராமனும் சிவகாளி குமாரும் 1920 ஜனவரியில் ‘நேச்சர்’ இதழில் வெளியிட்ட சிறு குறிப்பில் இதற்கு விடை தந்தார்கள். வலப்பக்கத் தோல்முகமான வலந்தலையின் நடுவில் அப்பியிருக்கும் கரணை என்ற கரும்பூச்சின் எடை, தோலின் அதிர்வுகளை இடம் மாற்றி முழு எண் விகிதத்துக்குள் கொண்டுவருகிறது என்பதே அந்த விடை. பின்னர் பெங்களூரிலிருந்து எழுதிய விரிவான கட்டுரையில், தோலின் மேல் நுண்மணலைத் தூவி, அதிராத கணுக்கோடுகளில் மணல் ஒதுங்கி நிற்பதைக் கொண்டு ராமன் ஒன்பது வகை அதிர்வுகளை அடையாளம் கண்டார். அந்த ஒன்பதும் ஐந்தே ஐந்து சீரிசைகளில் கூட்டம் கூட்டமாய் அடங்கிவிடுகின்றன. மூன்றாம் சீரிசையில் இரண்டு வகை அதிர்வுகள், நான்காவதில் இரண்டு, ஐந்தாவதில் மூன்று. கணினியும் ஒலிப்பதிவுக் கருவிகளும் கைக்கு எட்டாத காலத்தில் மணலையும் காதையும் வைத்துச் செய்த நிறமாலைப் பகுப்பு இது. 1954-ல் பெங்களூரைச் சேர்ந்த பி.எஸ். ராமகிருஷ்ணாவும் மன்மோகன் சோந்தியும் இதைக் கணிதமாக்கினார்கள். கரணையின் ஆரம் தோலின் ஆரத்தில் ஏறத்தாழ 0.4 பங்காக இருந்தால் சீரிசை நன்றாக அமையும் என்று அவர்களுடைய கணக்கு சொல்லிற்று. 1980களில் அமெரிக்காவின் தாமஸ் ராசிங், கரணையை அடுக்கடுக்காகப் பூசும்போதே இடையிடையே அளந்து, அதிர்வெண்கள் படிப்படியாக 2, 3, 4, 5 நோக்கி நகர்வதைக் காட்டினார்.

இந்தக் கண்டுபிடிப்பை இனி காதால் சோதிக்கலாம். கார்னெகி மெலன் பல்கலைக்கழகத்தில் டொமினிக் மசோனியும் ரோஜர் டேனன்பர்க்கும் தொடங்கி, 2000-ல் வெளிவந்த ஆடாசிட்டி என்ற கட்டற்ற மென்பொருள் போதும். பதிவு செய்யவும் நிறமாலை பார்க்கவும் அதில் வழி உண்டு. டேனன்பர்க் உருவாக்கிய நைக்விஸ்ட் என்ற சிறு நிரல்மொழியும் அதற்குள்ளேயே இருப்பதால் ஒலியைக் கட்டவும் முடியும். முதலில் வெறுந்தோலைக் கட்டுவோம்: 200, 319, 427, 459, 531 ஹெர்ட்ஸில் ஐந்து சைன் அலைகள், சம வீச்சில் தொடங்கி அரை நொடிக்குள் தேய்ந்து மறையட்டும். அடுத்து, கரணை பூசிய தோல்: 200, 400, 600, 800, 1,000 ஹெர்ட்ஸ், வீச்சும் தேய்வும் முன்னதைப் போலவே. அலைகளின் எண்ணிக்கையும் ஒன்றே, தேய்வும் ஒன்றே, மாறியது விகிதம் மட்டும். முதல் ஒலியில் எது சுருதி என்று காது தடுமாறும். தகரத்தைத் தட்டியது போன்ற ஒரு சாயல் இருக்கும். இரண்டாவதற்கு யாரும் உடனே சுருதி பாடிக் காட்டிவிடலாம். ராமன் சொன்ன காரணம் சுருதிக்குப் போதுமான காரணம்தான் என்பதற்கு இதைவிட நேரான சான்று வேண்டியதில்லை. வேறு எதையும் தொடாமல் ஒரே ஒரு காரணத்தை மட்டும் மாற்றிப் பார்க்கும் இந்த வசதி உண்மையான மிருதங்கத்தில் கிடையாது. கரணையைச் சுரண்டி எடுத்தால் எடையோடு தோலின் இறுக்கமும் மேற்பரப்பும் சேர்ந்தே மாறிவிடும்.

ஆனால் அந்த இரண்டாவது ஒலியை இன்னொரு முறை கேட்டால், அது மிருதங்கம்போல் இல்லை. சுண்டிவிட்ட தந்திபோல் இருக்கிறது. எண்கள் அனைத்தும் சரி, ராமனின் விளக்கமும் சரி, ஒலி மட்டும் வேறு. இந்தத் தோல்விதான் கட்டுதலின் மிகப் பெரிய பயன் என்று நினைக்கிறேன். நிறமாலைப் படத்தைப் பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தால், ஐந்து கூர்முனைகளையும் எண்ணி முடித்தவுடன் மிருதங்கம் புரிந்துவிட்டது என்ற நிறைவு வந்துவிடும். கட்டிக் கேட்டவருக்கு அந்த நிறைவு கிடைக்காது. எது விடுபட்டது என்று தேடத் தொடங்குவார். விரல் தோலில் படும் முதல் சில மில்லி நொடிகளில் எந்தச் சுருதியும் இல்லாத ஓர் இரைச்சல் வெடிப்பு உண்டு. அதைச் சேர்க்க வேண்டும். மேல் சீரிசைகள் அடிப்படையைவிட விரைவாகத் தேய்கின்றன. ஒவ்வொன்றுக்கும் தனித்தனித் தேய்வு தர வேண்டும். ஒரே சீரிசைக்குள் அடங்கும் இரண்டு மூன்று அதிர்வுகள் துல்லியமாக ஒன்றிவிடுவதில்லை. 600-உம் 603-உம் சேர்ந்தால் நொடிக்கு மூன்று விம்மல்கள் எழும். நாதத்துக்கு ஓர் அசைவு வரும். பலமாக அடித்தால் தோல் கணநேரம் கூடுதலாக இழுபடுவதால் சுருதி சற்று உயரத்தில் தொடங்கி இறங்கும். இவற்றை ஒவ்வொன்றாகச் சேர்க்கச் சேர்க்க, தந்தி தோலாக மாறுகிறது. எதைச் சேர்த்தபோது மாறியது என்பதைக் குறித்துக்கொண்டால், மிருதங்க நாதத்துக்கு எது எவ்வளவு பொறுப்பு என்ற கணக்கு கையில் கிடைக்கும். சீரிசை சுருதிக்குக் காரணம். தோல் என்ற உணர்வுக்கு முதல் வெடிப்பும் ஏறுமாறான தேய்வும் காரணம்.

இதற்கு முன்மாதிரி உண்டு. 1960களின் நடுவில் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் ழான்-க்ளோத் ரிசே என்ற பிரெஞ்சு இயற்பியலாளர், அவர் இசையமைப்பாளரும்கூட, டிரம்பெட் ஒலியைக் கணினியில் கட்ட முயன்றார். பாடப்புத்தகங்கள் தந்திருந்த நிலையான நிறமாலையைப் பின்பற்றினால் டிரம்பெட் வரவில்லை. உண்மையான ஒலியைக் கணந்தோறும் பகுத்துப் பார்த்தபோது, ஓசை வலுக்க வலுக்க மேல் சீரிசைகளின் பங்கும் கூடுகிறது என்பது தெரிந்தது. அந்த ஒரு விதியைச் சேர்த்ததும் டிரம்பெட் ஒலித்தது. ஜெர்மன் அறிவியலாளர் ஹெல்ம்ஹோல்ட்ஸின் 1863-ஆம் ஆண்டு நூலிலிருந்து, ஒரு நாதத்தின் தன்மையைத் தீர்மானிப்பது அதன் சீரிசைகளின் அளவு என்ற கருத்து நூறாண்டுக்கு மேல் செல்வாக்கோடு இருந்தது. அந்த அளவு கணந்தோறும் மாறும் விதமும் நாதத்தின் பகுதியே என்று காட்டியது, கட்டிக் கேட்ட சோதனை. ஆடாசிட்டியின் ஒலி உருவாக்கும் பட்டியலில் ரிசேயின் பெயரிலேயே ஒரு முரசு ஒலி இன்றும் இருக்கிறது.

முகவீணைக்கு இது அப்படியே பொருந்தும். கூம்பு வடிவக் குழலும் இரட்டை நாணல் சீவாளியும் கொண்ட கருவிகள் எல்லாச் சீரிசைகளையும் தரும். ஒரே அகலமான குழலைக் கொண்ட கிளாரினெட், கீழ்ச் சுரங்களில், ஒற்றைப்படைச் சீரிசைகளையே ஓங்கித் தரும். நாகசுரத்தைவிடக் குழல் குட்டையாதலால் முகவீணையின் சுருதி உயரம். காதின் துளை ஏறத்தாழ 3,000 ஹெர்ட்ஸில் ஒத்திசைவதால் அந்தப் பகுதியில்தான் மனிதக் காது மிகக் கூர்மையானது. சுருதி உயர்ந்த இந்தக் குழலின் தாழ்ந்த சீரிசைகளே அங்கே எட்டிவிடுகின்றன. திறந்த வெளியில், இரவு முழுக்க, தோல் கருவிகளை மீறிக் கேட்க வேண்டிய ஒரு குழலுக்கு இதைவிடப் பொருத்தமான நிறமாலை அமையாது. இத்தனையும் பகுப்பு சொல்வது. நீண்டு நின்ற ஒரு சுரத்தின் நிறமாலையை எடுத்து அதே அளவில் சைன் அலைகளை நிறுத்திக் கட்டிப் பாருங்கள். மின்னணு மணியோசை போன்ற உயிரற்ற ஒலிதான் வரும். சுரத்துக்குள் நுழையும் வழுக்கல், மூச்சோடு ஏறி இறங்கும் மேல் சீரிசைகள், சீவாளி பேசத் தொடங்கும் முன் வரும் காற்றிரைச்சல் இவை சேர்ந்தால்தான் அது களரிக்கு வரும்.

மறுப்புகள் இருக்கின்றன, அவற்றுள் வலுவானது கருவியைப் பற்றியது. கைப்பேசி மைக்கில் பதிந்து இதையெல்லாம் அளப்பது அறிவியலா என்று ஓர் ஆய்வக வல்லுநர் கேட்கலாம். பாதி நியாயமான கேள்வி. மலிவான மைக் சில அதிர்வெண்களைக் கூட்டியும் சிலவற்றைக் குறைத்தும் பதியும், எனவே வீச்சுகளை நம்ப முடியாது. ஆனால் 400 ஹெர்ட்ஸை அது 410-ஆக மாற்றாது. விகிதங்கள் பத்திரமாக இருக்கும். ராமனின் கருத்து முழுவதும் விகிதங்களைப் பற்றியதாதலால் அதைச் சோதிக்கக் கைப்பேசி போதும். எச்சரிக்கை வேறொன்றுக்குத் தேவை. மைக் தாங்கும் அளவை மீறிய ஓசையில் அலையின் உச்சிகள் நறுக்கப்படும். 200 ஹெர்ட்ஸ் தனி அலை ஒன்றை அப்படி நறுக்கினால் 600, 1,000 என்று கருவியில் இல்லாத சீரிசைகள் முளைக்கும். மேளத்துக்கு மிக அருகில் வைத்துப் பதிந்தவர் இல்லாத சீரிசையைக் கண்டு ராமன் சொன்னது சரி என்று மகிழக்கூடும். சான்றுபோல் தோன்றும் பிழை இது. எனவே தள்ளி வைத்துப் பதிய வேண்டும், சுருக்கப்படாத கோப்பாகச் சேமிக்க வேண்டும், கைப்பேசி தானாகவே ஓசையைக் கூட்டிக் குறைக்கும் வசதியை அணைக்க வேண்டும். கூம்பு ஒலிபெருக்கி கட்டிய களரியில் ஒலிபெருக்கியின் முன் நின்று பதிந்தால் கிடைப்பது அந்தக் கூம்பின் நிறமாலை.

கருவி செய்பவருக்கும் வாசிப்பவருக்கும் காது ஏற்கெனவே இதைச் சொல்லிவிடுகிறதே, எண் எதற்கு என்பது இன்னொரு மறுப்பு. கிட்டான் கல்லின் பொடியையும் சோற்றையும் குழைத்து அடுக்கடுக்காய்ப் பூசி, தேய்த்துக் காயவைத்து, தட்டிக் கேட்டு, மறுபடி பூசும் அந்தக் கை, இரண்டாம் அதிர்வு முதலாவதின் இருமடங்காகும் வரை நிற்பதில்லை. எண் தெரியாமலேயே அந்த எண்ணைப் பிடித்த அறிவு அது; ராசிங்கின் அளவைகள் அதற்குக் கிடைத்த மரியாதை என்றே நான் எடுத்துக்கொள்கிறேன். இருந்தாலும் காது நினைவில்தான் வைத்திருக்கும். அடுத்த மழைக்காலத்தில் கரணை உதிரத் தொடங்கும்போது இரண்டாம் அதிர்வு 2.00-இலிருந்து எவ்வளவு விலகியது, எந்த விலகலில் வாசிப்பவர் போதும் என்று கருவியைக் கீழே வைக்கிறார் என்பதை எண் பதிந்து வைக்கும், தூரத்து ஊரிலிருக்கும் ஒருவருக்கு எடுத்துச் செல்லும். கைத்திறனை எண் இடம்பெயர்த்துவிடும் என்ற அச்சத்துக்கு இதுவரை நான் காரணம் காணவில்லை. கைத்திறனோடு எண்ணும் எழுதி வைக்கப்படாமல், ஒரு தலைமுறை முடியும்போது இரண்டும் சேர்ந்து போவதுதான் எனக்கு அச்சம் தருகிறது.

ராமனின் 1920-ஆம் ஆண்டுக் குறிப்பைப் படிக்கும்போது ஒன்று உறுத்துகிறது. மேற்சுரங்கள் சீராக இல்லாத தாளக்கருவிகள் இசைக் குறையுடையவை என்ற அக்காலப் பொதுக்கருத்திலிருந்துதான் அது தொடங்குகிறது. அந்த அளவுகோலில் மிருதங்கம் தேறிவிடும். கரணை இல்லாத பறை தோற்றுவிடும். இந்த முடிவை ஏற்க முடியாது. பறையடிப்பவர் தீயில் காய்ச்சித் தோலை இறுக்குவது சீரிசைக்காக அல்ல. அடி விழும் கணம் கூர்மையாகவும் தேய்வு குறுகலாகவும் அமையவே அது. ஒன்றோடொன்று நெருங்கிவரும் அடிகளைத் தூரத்தில் இருப்பவரும் தனித்தனியாகக் கேட்க வேண்டிய கருவிக்கு நீண்ட நாதம் இடைஞ்சல்தான். பறைக்கான அளவுகோலைப் பறையிலிருந்தே எடுக்க வேண்டும்: முதல் ஐந்து மில்லி நொடியின் நிறமாலை, ஓசை பாதியாகக் குறைய ஆகும் நேரம், காய்ச்சுவதற்கு முன்னும் பின்னும் இரண்டும் மாறும் அளவு. கட்டிப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். பறை ஒலியைக் கட்டும்போது சைன் அலைகளின் விகிதத்தைச் சற்றே மாற்றினாலும் காது பொறுத்துக்கொள்ளும். தொடக்கத்தை மழுக்கினால் பறை உடனே பறை அல்லாததாகிவிடும். எதைச் சிதைத்தால் கருவி அடையாளம் இழக்கிறதோ அதுவே அந்தக் கருவியின் இலக்கணம்.

பதிந்த ஒலியையே அப்படியே திரும்ப ஒலிக்கவிடும் மென்பொருள்கள் மலிந்துவிட்டன, எண்களிலிருந்து கட்டும் சிரமம் ஏன் என்றும் கேட்கலாம். திரைப்பாடலுக்கு மேளம் சேர்ப்பவருக்கு அது போதும். காரணம் தேடுபவருக்குப் பதிவு உதவாது. அது எல்லாவற்றையும் ஒன்றாகத் திருப்பித் தருமே தவிர, எதையும் பிரித்துச் சொல்லாது. பார்சிலோனாவின் பொம்பேயு ஃபப்ரா பல்கலைக்கழகத்தில் ஸேவியர் செர்ரா தலைமையில் 2011-ல் தொடங்கிய காம்ப்மியூசிக் திட்டத்தில் சென்னை ஐ.ஐ.டி.யின் ஹேமா மூர்த்தி குழு பங்கேற்று, மிருதங்கச் சொற்களைக் கணினி தானே அடையாளம் காணும் அளவுக்குப் பகுத்தது. கர்நாடக இசை உட்பட ஐந்து இசை மரபுகளை எடுத்துக்கொண்ட அத்திட்டத்தில் கூத்து இல்லை. கூத்தின் மிருதங்கமும் கச்சேரி மிருதங்கமும் ஒரே மாதிரி ஒலிக்க வேண்டும் என்ற கட்டாயம் எதுவும் கிடையாது. வாசிக்கும் விசை வேறு, இடம் வேறு, துணைக்கருவிகள் வேறு. இந்த வேலையைச் செய்யச் சரியான இடம் விழுப்புரமும் திண்டிவனமும்தான். 2011-ல் தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டம் எத்தனையோ வீடுகளுக்கு ஒரு கணினியைக் கொண்டு சேர்த்தது. விழுப்புரத்தில் குனு/லினக்ஸ் பயனர் குழு கிராமப்புற மாணவர்களுக்குக் கட்டற்ற மென்பொருள் கற்பித்துவருகிறது. மேளம் பக்கத்து ஊரில் இருக்கிறது, வாசிப்பவர் தெரிந்தவர், களரி நடுச்சாமத்தில் திறந்த வெளியில் இருப்பதால் சுவர்களின் எதிரொலியும் குறைவு.

தொடங்க ஒரு நல்ல கேள்வியும் இருக்கிறது. டோலக்கின் பெரிய முகத்தில் தோலின் உட்புறம் மசாலா என்று சொல்லும் கலவையைப் பூசுவார்கள். அந்த எடை, மிருதங்கக் கரணையைப்போல மேற்சுரங்களைச் சீராக்குகிறதா, சுருதியைத் தாழ்த்தி ஓசையைக் கனமாக்குவது மட்டும்தானா? மசாலா புதிதாக அப்பிய முகத்தையும் அது உதிர்ந்துபோன முகத்தையும் ஒரே விரலால், ஒரே இடத்தில், பத்துப் பத்து முறை தட்டிப் பதிந்து, முதல் ஐந்து அதிர்வெண்களை விகிதமாக எழுதுங்கள். பிறகு அந்த இரண்டு விகித வரிசைகளையும் ஒரே தேய்வோடு கட்டி, எது எந்த டோலக் என்று சொல்லாமல், அதை வாசிப்பவரையே கேட்கச் சொல்லுங்கள்.